தாவோனின் காது

கடலோரத்து எங்கள் ஊர் ஆங் சிலாவில் யாரிடமாவது தாவோனின் காதைப் பற்றிக் கேட்டுவிடாதீர்கள். பொழுது போய்விடும். கல்லுக்குள் ஓடும் மயிரிழை விரிசலைத் தட்டிப் பார்த்தே சொல்லிவிடுகிற காது, தெய்வம் கொடுத்த காது என்று ஆரம்பித்தால் நிறுத்த மாட்டார்கள். என்னைக் கேட்டால் ஒரே வரிதான். அந்தக் காதில் ஒரு கடுக்கன் மாட்டியிருந்தால் அதற்காவது உபயோகப்பட்டிருக்கும்.

அவன் என் தங்கை சுனியின் புருஷன். கல் உரல் செய்கிறவன். நான் கேத், மீன் சந்தையில் சிப்பி விற்கிறவள். நாக்கு கொஞ்சம் நீளம் என்று எனக்கு ஊரில் ஒரு பெயர் உண்டு. பொய்யில்லை. ஆனால் இந்த மனிதனைப் பற்றி நாக்கை மடக்கிக்கொண்டு பேச எனக்குத் தெரியாது.

தாவோனின் அப்பா உளியும் சுத்தியலுமாக வாழ்ந்து முடித்தவர். மகன் பொடியனாக இருந்தபோது ஒரு கல்லைத் தட்டிவிட்டு, "எப்படிடா இருக்கு?" என்று விளையாட்டாகக் கேட்டாராம். இவன் தலையைச் சாய்த்து, "உள்ள உடைஞ்சிருக்குப்பா" என்றானாம். பிளந்து பார்த்தால் நடுவில் விரிசல். அன்றைக்குப் பிடித்தது சனி. வீட்டில் மீன் வறுத்தால் நடுத்துண்டு இவனுக்கு. பக்கத்துப் பட்டறைக்காரர்கள் கல் வாங்கப் போகும்போது இவனை மாப்பிள்ளை மாதிரி வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். இவன் ஒரு சின்னச் சுத்தியலால் கல்லைத் தட்டுவான், கண்ணை மூடுவான், தலையை ஒரு பக்கமாகச் சாய்ப்பான். சுற்றி நிற்கிற தடிமாடுகள் எல்லாம் மூச்சை அடக்கிக்கொண்டு நிற்கும். பிறகு, "பேசுது" என்பான், விரிசல் இல்லை என்று அர்த்தம். இல்லையென்றால், "ஊமை" என்பான். அவ்வளவுதான் வித்தை.

கல்லோடு நின்றிருந்தால் போகட்டும் என்று விட்டிருப்பேன். தர்ப்பூசணியைத் தட்டினான். மோட்டார் சைக்கிளைத் தட்டினான். பிள்ளைத்தாச்சிகள் வயிற்றுப் பக்கம் காதைக் கொண்டுபோய் ஆணா பெண்ணா சொன்னான். பாதி தப்பாகப் போனது. தப்பானதை யாரும் ஞாபகம் வைத்துக்கொள்ளவில்லை. எங்கள் ஊர் அப்படி, ஒருத்தனைத் தூக்கி வைத்துவிட்டால் இறக்குவதற்குச் சோம்பல்.

கல்யாணமும் காதால்தான் நடந்தது. பெண்ணின் குணத்தை உரல் இடிக்கிற சத்தத்தில் தெரிந்துகொள்ளலாம் என்று எங்கள் பக்கம் ஒரு பேச்சு உண்டு. பெரியவர்கள் சிரிப்புக்குச் சொல்வது. இந்தப் புத்திசாலி அதை வேதமாக எடுத்துக்கொண்டான். எங்கள் வீட்டுக் கொல்லையில் மிளகாயும் பூண்டும் இடிபடுகிற சத்தம் கேட்டு வண்டியை நிறுத்தி, நேராக உள்ளே வந்து, என் அம்மாவைப் பார்த்துக் கைகூப்பிவிட்டுச் சொன்னான்:

"இவ்வளவு சீரா இடிக்கிற பொண்ணை நான் கேட்டதே இல்லம்மா. ஒரு அடி கூட முன்ன பின்ன விழல. எனக்கே குடுத்துடுங்க."

உண்மையில் அன்றைக்கு முதலில் இடித்தது நான். கை கடுத்ததென்று பாதியில் சுனியிடம் உலக்கையைக் கொடுத்தேன். அவன் எந்தப் பாதியைக் கேட்டு வண்டியை நிறுத்தினான் என்று இன்றுவரை அவனுக்கே தெரியாது. நான் தப்பித்தேன். சுனி மாட்டிக்கொண்டாள்.

சுனிக்கு அவன் மேல் ஆசைதான், மறைப்பானேன். அவனும் கை நீட்டுகிறவன் இல்லை, வேறு வாசல் மிதிக்கிறவன் இல்லை. இதையெல்லாம் ஒரு பெருமையாக எண்ணுகிற ஊரில் அவன் நல்லவன்தான்.

அப்பா காலத்து உளி போய் மின்சாரத்தில் சுற்றுகிற வெட்டுச் சக்கரம் வந்தது. உளியில் சில்லு தெறிக்கும், பெரிதாகத் தெறிக்கும், கண்ணுக்குத் தெரியும். சக்கரம் கல்லை மாவாக்கிவிடும். பவுடர் டப்பாவைக் கவிழ்த்துத் தட்டினாற்போல் அது பட்டறை முழுக்க மிதக்கும். சுனி வீட்டு மாமரம் பங்குனி வெயிலிலும் பனி பெய்தது போல வெளுத்து நிற்கும். கண்ணுக்குத் தெரிகிற தூசி மூக்கோடு போய்விடும், கண்ணுக்குத் தெரியாததுதான் நெஞ்சுக்குள் இறங்கி உட்கார்ந்துகொள்ளும் என்பது பின்னால் எங்களுக்கு ஒரு டாக்டரம்மா சொல்லித் தெரிந்தது.

தெருக்கோடியில் பட்டறை வைத்திருக்கிற பூன் கொஞ்சம் மூளையுள்ளவன். சக்கரத்துக்குப் பக்கத்தில் ஒரு ரப்பர் குழாயைக் கட்டித் தண்ணீர் ஒழுகவிட்டு வெட்டிப் பார்த்தான். தூசி எழும்பவில்லை, சேறாகக் கீழே வழிந்தது. தெருவே வேடிக்கை பார்த்தது. தாவோனும் போனான். நனைந்த கல்லை அவன் சுத்தியலால் தட்டிப் பார்த்ததும், உதட்டைப் பிதுக்கியதும் என் கண் முன்னால் நிற்கிறது.

"ஈரக் கல்லு பேசாதுப்பா பூன். நீ நல்ல கல்லை வெட்டுறியா, ஓட்டைக் கல்லை வெட்டுறியான்னு உனக்கே தெரியாது. கோடு போட்ட மையும் கரைஞ்சு போச்சு பாரு. இதுக்குப் பேரு வேலையா? மாட்டைக் குளிப்பாட்டுறது."

எல்லாரும் சிரித்தார்கள். பூன் அன்று சாயங்காலமே குழாயைக் கழற்றினான். ஒரு தெரு முழுக்கத் தூசி தின்ன வேண்டும் என்று ஒரு காது முடிவு செய்தது. அத்தனை ஆண்பிள்ளைகளில் ஒருத்தனுக்கும் தன் மூக்கைக் கேட்கத் தோன்றவில்லை.

தூசிக்கு அவர்களிடம் ஒரு மருந்து இருந்தது. பன்றி ரத்தச் சூப்பு. காலையில் சந்தை முனையில் கல்லுடைக்கிறவர்கள் வரிசையாக உட்கார்ந்து, கட்டி கட்டியாக ரத்தம் மிதக்கிற சூப்பை இஞ்சியும் மிளகும் தூவி உறிஞ்சுவார்கள். அது நெஞ்சிலிருக்கும் தூசியையெல்லாம் வழித்துக்கொண்டு கீழே போய்விடுமாம். தாவோன் ஒருநாள் தவறமாட்டான்.

"ஏம்ப்பா, சூப்பு வயித்துக்குப் போகுது, தூசி நெஞ்சுக்குப் போகுது. வேற வேற வீட்டுக்குப் போனதுக ரெண்டும் எங்க சந்திச்சுக்கும்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"அக்கா, நீங்க சிப்பி விக்கிறவங்க. கல்லைப் பத்தி உங்களுக்கு என்ன தெரியும்?"

"சரிப்பா. தெரியாது. அப்படியே அது நல்லதுன்னா சுனிக்கும் ஒண்ணு கட்டிக்கிட்டுப் போயேன்."

"அவளுக்கு எதுக்கு? அவ என்ன கல்லா வெட்டுறா? கூட்டத்தானே செய்யுறா."

கூட்டத்தானே செய்கிறாள். அந்த வார்த்தையை நன்றாகக் கேட்டுக்கொள்ளுங்கள். பொழுது சாய்ந்ததும் சக்கரத்தை நிறுத்திவிட்டு அவன் குளிக்கப் போவான். அவள் தென்னை ஈர்க்கு விளக்குமாற்றை எடுத்துக்கொண்டு பட்டறைக்குள் போவாள். அன்று முழுவதும் கீழே படிந்ததையெல்லாம் திரும்ப எழுப்பி, அதற்குள் நின்று கூட்டுவாள். தண்ணீர் தெளிக்கக் கூடாது. தெளித்தால் தூசி பசையாகி உரல்களின் அடியில் ஒட்டிக்கொள்ளும், கல்லின் அடிப்பாகம் ஈரமாகும், மறுநாள் நம் துரை தாவோனின் காதுக்குக் கல் பேசாது. கூட்டி முடித்து அவன் சட்டையைச் சுவரில் அடித்து உதறுவாள். பிறகுதான் உலை வைப்பாள். கல்யாணம் ஆனதிலிருந்து இதுதான்.

சுகாதார நிலையத்திலிருந்து இரண்டு பெண்கள் வந்து முகக்கவசப் பெட்டி ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனார்கள். தாவோன் மரியாதையாக வாங்கிக்கொண்டான். அந்தச் சமயம் அவன் ஒரு மணிப்புறா வளர்த்துவந்தான். கூண்டைப் பட்டறை வாசலில் தொங்கவிட்டு அதன் குரலைக் கண்மூடிக் கேட்பான். ஒருநாள் புறாவின் குரல் கம்மியது. பதறிப்போய்விட்டான். அன்றே கூண்டைத் தூக்கிக்கொண்டு போய் வீட்டுக்குப் பின்னால், கடற்காற்று வருகிற பக்கம் மாட்டினான். முகக்கவசங்களை ஒன்றோடொன்று கோர்த்துக் கூண்டைச் சுற்றிக் கட்டினான்.

"இது எதுக்கு?" என்றேன்.

"தூசி பட்டா தொண்டை போயிடும் அக்கா. நல்ல சாதிப் புறா."

உள்ளே விளக்குமாறு சரசரவென்று ஓடிக்கொண்டிருந்தது. எனக்குச் சிரிப்பும் வந்தது, அவன் தலையில் கூண்டைக் கவிழ்க்கவும் தோன்றியது.

என் வீட்டுக் கொல்லைச் சுவருக்கு அந்தப் பக்கம் சுனியின் அடுப்படி. காலையில் அவள் இடிக்கிற சத்தத்தில்தான் நான் எழுந்திருப்பேன். அந்தச் சத்தம் நின்று நின்று வர ஆரம்பித்தது. நாலு அடி விழும், நிற்கும். மறுபடி நாலு. முதலில் போன் பேசுகிறாளாக்கும் என்று நினைத்தேன். பிறகு ஒருநாள் சுவர் மேல் எட்டிப் பார்த்தேன். உரலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்து நின்றாள். தோள்பட்டை ஏறி ஏறி இறங்கியது. உலக்கை கையிலேயே இருந்தது. பூண்டு இடித்ததற்கே ஓட்டப்பந்தயம் ஓடினவள் மாதிரி மூச்சு வாங்கினாள்.

சந்தையில் தாவோனைப் பிடித்தேன். "சுனி உலக்கை நின்னு நின்னு விழுதே, உன் காதுல விழலியா?"

"வயசாகுதில்ல, அக்கா. உடம்பு வளையல."

கேட்டீர்களா? கல்லின் வயிற்றுக்குள் இருக்கிறதைக் கேட்கிறவன். எந்தச் சத்தத்துக்காக ஒரு பெண்ணைக் கட்டிக்கொண்டானோ அந்தச் சத்தம் தன் அடுப்படியில் நொண்டுவதைக் கேட்டு, வயசு என்று சொல்லிவிட்டு, சூப்புக் கிண்ணத்தை வாயில் கவிழ்த்துக்கொண்டான்.

நானே அவளைச் சிப்பி வண்டியில் ஏற்றிக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனேன். நெஞ்சைப் படம் பிடித்து வெளிச்சத்தில் மாட்டினார்கள். கறுப்பாக இருக்க வேண்டிய இடத்தில் அரிசி இறைத்தது போல் வெள்ளைப் புள்ளிகள், மேலே சில இடங்களில் கட்டியாகச் சேர்ந்து கிடந்தன. டாக்டர் சின்னப் பெண்.

"கல்லு வெட்டுற வேலைங்களாம்மா?"

"இல்லம்மா. நான் கூட்டுறேன்" என்றாள் சுனி.

அந்தப் பெண் படத்தை இன்னொரு தடவை பார்த்தாள். பிறகு பொறுமையாகச் சொன்னாள். உள்ளே போன கல்தூசி வெளியே வராது. அது உட்கார்ந்த இடமெல்லாம் நுரையீரல் தழும்பாகி இறுகிப் போகும், காற்றுக்கு இடம் இருக்காது. போனதைத் திருப்ப மருந்து இல்லை. தூசியை விட்டு விலகின பிறகும்கூட அது மெல்ல வளரும், விலகாவிட்டால் வேகமாக வளரும். காசநோய் வந்து ஒட்டிக்கொள்ளவும் வழி உண்டு. இனிமேல் அந்தப் பட்டறைக்குள் கால் வைக்கக் கூடாது.

"வீட்டுல வேற யாரும் தூசியில இருக்காங்களா?" என்று கடைசியில் கேட்டாள்.

சுனி என்னைப் பார்த்தாள். "என் மக."

சுனிக்கு முடியாமல் போனதிலிருந்து நிங்தான் கூட்டிக்கொண்டிருந்தாள். படிப்பை முடித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருந்த பெண். அப்பன் ஒருநாள் சாயங்காலம் விளக்குமாற்றைக் கையில் கொடுத்து, "அம்மாவுக்கு முடியல, நீ பாத்துக்க" என்று சொல்லியிருந்தான்.

திரும்பி வருகிற வழியில் சுனி அழவில்லை. ஒரு வார்த்தைக்கும் அடுத்த வார்த்தைக்கும் நடுவில் மூச்சு எடுத்துக்கொண்டு சொன்னாள்: "என் நெஞ்சு போனது போச்சு அக்கா. நிங் கையில இருக்குற தொடப்பத்தை வாங்கணும். அது போதும் எனக்கு."

எனக்கும் அது போதும் என்றுதான் பட்டது. எவ்வளவு சின்ன வேண்டுதல், பாருங்கள்! ஒரு விளக்குமாறு.

தாவோனிடம் சொன்னோம். அவன் சிரித்தான்.

"கல்லை வெட்டுற எனக்கு ஒண்ணுமில்ல. கூட்டுறவளுக்கு வந்துடுச்சாமா? அந்த டாக்டர் பொண்ணு கல்லையே பாத்திருக்காது."

"நீயும் போய் ஒரு படம் எடுத்துப் பாரேன்" என்றேன்.

"எனக்கெதுக்குப் படம்?" தன் நெஞ்சை விரல் கணுவால் தட்டினான். கண்ணை மூடினான், தலையைச் சாய்த்தான். "கேட்டீங்களா? கணீர்னு இருக்கு." அதோடு விட்டானா? சுனியைத் திருப்பி நிறுத்தி அவள் முதுகிலும் தட்டிக் கேட்டான். உரலைத் தட்டுகிற மாதிரியே தட்டினான். "கொஞ்சம் சளி. வேற ஒண்ணுமில்ல. நிங்குக்கு என்ன, எளம் நெஞ்சு. கூட்டட்டும்."

என் கையில் சிப்பி உடைக்கிற கத்தி இருந்தது. நான் புத்த சாமியை நினைத்துக்கொண்டு அதைக் கூடைக்குள் போட்டேன்.

தொழில் கற்றுக்கொடுத்தவர்களைக் கும்பிடுகிற குரு பூசை நாள் வந்தது. அன்றைக்குத் தெருவில் எந்தச் சக்கரமும் சுற்றாது. பன்றித்தலை, கோழி, ஆரஞ்சுப்பழம் வைத்து, உளிகளையும் சக்கரங்களையும் கழுவிப் பொட்டிட்டு அடுக்குவார்கள். பூசை முடிந்ததும், வருஷத்தின் முதல் உரலில் தெருவுக்குத் தலைக்கட்டாக இருக்கிறவர் வீட்டுப் பெண் எல்லார் முன்னாலும் மிளகாய் இடிக்க வேண்டும். சத்தம் நின்று போகாமல் சாந்து மசிந்தால் அந்த வருஷம் தெருவுக்கு நல்லது. தலைக்கட்டு யார்? காதுக்காரர்தான். உரலையும் அவரே தட்டித் தேர்ந்தெடுத்து, "இது பாடும்" என்று சொல்லியிருந்தார்.

சுனி உட்கார்ந்தாள். இடித்தாள். பழைய மாதிரியே சீராகத்தான் ஆரம்பித்தாள். கொஞ்சத்தில் நின்றது. உலக்கை உரலுக்குள் சாய்ந்தது. அவள் மூச்சு மட்டும் கேட்டது, வைக்கோலை இழுக்கிற மாதிரி.

"நிங், நீ வந்து இடி" என்றான் தாவோன், சிரிப்பை முகத்தில் நிறுத்திக்கொண்டே.

நிங் எழுந்தாள். சுனி கையை நீட்டி அவளைத் தடுத்தாள். உலக்கையை எடுத்துப் புருஷன் பக்கம் நீட்டினாள்.

"நீங்க இடிங்க."

"நானா? ஆம்பளை இடிக்கிறதாடி இது?"

"உங்க நெஞ்சுதான் கணீர்னு இருக்கே."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். விட்டுக்கொடுக்க முடியுமா? வேட்டியை மடித்துக்கட்டாத குறையாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்தான். ஓங்கி ஓங்கி இடித்தான். மிளகாய் தெறித்தது. ஆட்கள் தாளம் போட்டார்கள். தாளம் நடந்துகொண்டே இருந்தது, இடி பின்தங்கியது. பிறகு நின்றது. கரைக்கு வந்த மீன் மாதிரி வாயைத் திறந்து திறந்து மூடினான். உதடு நீலமாக இருந்தது. கேட்கக் கற்றுக்கொடுத்தவன் அவன்தானே. தெரு முழுக்க மூச்சை அடக்கிக்கொண்டு அவனைக் காதுகொடுத்துக் கேட்டது.

வெகுநேரம் கழித்து உலக்கையைக் கீழே வைத்தான். "இந்தக் கல்லு சரியில்ல. உள்ள விரிசல் இருக்கு."

பூன் மட்டும் மெல்லச் சொன்னான். "கல்லு நல்லாத்தான் இருக்கு அண்ணே."

மறுநாள் காலையில் சந்தைக்குப் போகிற வழியில் வண்டியை நிறுத்தி, சுனிக்குக் கொஞ்சம் மீன் கஞ்சி எடுத்துக்கொண்டு போனேன். அவளும் நிங்கும் பட்டறை வாசலில் நின்றார்கள். பூசைக்கு முந்தின நாள் தூசி உள்ளே கணுக்கால் அளவு கிடந்தது. நிங் கையில் விளக்குமாறு. தாவோனின் வண்டி வந்து நின்றது. கைப்பிடியில் ரப்பர் வளையம் போட்டுக் கட்டின மூன்று சூப்புப் பைகள் தொங்கின.

இறங்கினான். எங்கள் முகத்தைப் பார்க்காமல் பைகளை நீட்டினான்.

"ஒண்ணு உனக்கு. ஒண்ணு நிங்குக்கு. இனிமே தினமும் மூணு வாங்கிட்டு வரேன்."

ஒரு நொடி எனக்கே நெஞ்சு இளகியது, பொய் சொல்வானேன். அவன் ராத்திரியெல்லாம் தூங்கவில்லை என்று கண் சொன்னது. தனக்கு இருந்த ஒரே மருந்தைப் பங்கு வைக்க வந்திருந்தான். அந்த மண்டைக்கு எட்டின பாசம் அவ்வளவுதான். அதோடு வாயை மூடியிருந்தால் நான் அவனை மன்னித்துக்கூட இருப்பேன்.

"குடிச்சிட்டு நிங் கூட்டட்டும். பூசைக்கு முன்னாடி குப்பை அப்படியே கெடக்கு" என்றான்.

சுனி மூன்று பைகளையும் வாங்கினாள். பட்டறையின் நடுவுக்குப் போனாள். கால் வைக்கக் கூடாது என்று டாக்டர் சொன்ன இடம். மூச்சை வாங்கிக்கொண்டு நின்றாள். ரப்பர் வளையத்தைக் கழற்றி முதல் பையைத் தரையில் கவிழ்த்தாள். பிறகு அடுத்தது. பிறகு அவன் பங்கு. ரத்தக் கட்டிகளோடு சூப்பு உரல்களுக்கு நடுவே ஓடியது. சுனி கல்யாணம் ஆகி வந்ததிலிருந்து அந்தத் தரை நனைந்து நான் பார்த்ததில்லை. வெள்ளையாகக் கிடந்த தூசி கறுத்து, ஒட்டி, அசையாமல் படுத்தது.

"தூசிக்கு நல்லதுன்னீங்க" என்றாள். மூச்சு எடுத்தாள். "நல்லதுதான். பாருங்க, அடங்கிருச்சு."

வெளியே வந்து நிங்கின் கையிலிருந்து விளக்குமாற்றை வாங்கி அவன் கையில் வைத்தாள். "நீங்களே கூட்டுங்க. தண்ணி ஊத்திக் கூட்டுங்க. என் மக இதுக்குள்ள வரமாட்டா."

அவன் விளக்குமாற்றைப் பார்க்கவில்லை. மகளைப் பார்க்கவில்லை. உள்ளே பார்த்தான். அவன் வாயிலிருந்து வந்தது இதுதான்:

"கல்லெல்லாம் நனைஞ்சிருச்சேடி."

என் நீள நாக்கை மடக்கி வைத்துவிட்டு வண்டிச் சாவியை எடுத்தேன். நிங் ஏற்கெனவே என் வண்டியில் ஏறி உட்கார்ந்திருந்தாள். சுனியைக் கைத்தாங்கலாகக் கொண்டுவந்து பக்கத்தில் உட்காரவைத்தேன். இஞ்சின் சத்தத்தை மீறி அவள் மூச்சு எனக்குக் கேட்டது, நிங்குக்குக் கேட்டது, எதிர்ப் பட்டறையில் நின்ற பூனுக்கும் கேட்டிருக்கும்.

திருப்பத்தில் கண்ணாடியில் பார்த்தேன். தாவோன் ஓர் உரலின் பக்கத்தில் குத்துக்காலிட்டு, தலையை ஒரு பக்கமாகச் சாய்த்துக்கொண்டு, ஈரக் கல்லைத் தட்டிக்கொண்டிருந்தான்.